ஒற்றைக்குழல் துப்பாக்கியின் சுவாதீன அனுபோகம்

நெல்லிக்குப்பத்துக்கு மேற்கே கரும்புக் கொல்லை வைத்திருந்த ஹபிபுல்லா, வரப்பில் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருக்கும்போதே மவுத்தானார். தம்ளர்கூட விழவில்லை; ஆள்தான் சாய்ந்தார். அவர் மனைவி ஆசியா உம்மாள் அந்தத் தம்ளரைக் கழுவிக் கவிழ்த்து வைத்துவிட்டு அன்று உட்கார்ந்தவள்தான். புருஷனுக்காகத் துக்கம் காக்கிற இத்தா நாட்கள் முடிகிற வரைக்கும் அப்படியே இருந்தாள். இத்தா முடிந்த பிறகும் அப்படியே இருந்தாள். சோறு போட்டால் சாப்பிட்டாள். எழுந்திரு என்றால் எழுந்தாள். மகள் மலிகாவுக்குப் பண்ருட்டிப் பக்கம் மாப்பிள்ளை பேசி வைத்திருந்தது. அந்த வீட்டுப் பெண்கள் வந்து துக்கம் விசாரித்தபோது, வேறு யார் வீட்டிலோ நடந்ததைக் கேட்கிற மாதிரி தலையை ஆட்டிக்கொண்டிருந்தாள். ரொம்ப நேரம் மடக்கி வைத்த கால் மரத்துப்போகுமே, அப்படி உடம்பு முழுக்க மரத்துக் கிடந்தது.

அந்தச் சமயத்தில்தான் ஏட்டு பொன்னுரங்கம் வந்தார். நல்ல மனிதர். இத்தா முடியட்டும் என்று காத்திருந்து வந்தவர்.

“அம்மா, பாய் போனது எங்களுக்கெல்லாம் வருத்தந்தான். ஆனா அவரு வெச்சிருந்த துப்பாக்கி இன்னும் போகல பாருங்க,” என்றார்.

கரும்பில் விழும் நரிகளை விரட்ட ஹபிபுல்லா வைத்திருந்த ஒற்றைக்குழல் துப்பாக்கி, நெல்லுக் குதிருக்குப் பின்னால் சாத்தியிருந்தது. ஆசியா உம்மாள் உள்ளே போய் எடுத்து வந்து நீட்டினாள்.

“எடுத்துக்கினு போயிடுங்க.”

பொன்னுரங்கம் விலகி நின்றார். “நான் எப்படிம்மா தொடறது? தொட்டா என் அனுபோகத்துக்கு வந்துடும். எனக்கு லத்திக்குத்தான் அத்தாரிட்டி.”

“பின்னே என்னா செய்யறது?”

“ஒப்படைக்கணும். ஆனா உங்களுதா இருந்தாத்தான் ஒப்படைக்கலாம். உங்களுது இல்லாதத ஒப்படைச்சா திருட்டுச் சொத்து ஆயிடும்.”

“அப்ப என்னுதுதான்.”

“ஐயையோ, அப்படிச் சொல்லாதீங்க!” பொன்னுரங்கம் வாசலைப் பார்த்துக்கொண்டு குரலைத் தாழ்த்தினார். “உங்களுதுன்னா லைசென்ஸ் இல்லாம வெச்சிருக்கீங்கன்னு அர்த்தம். உள்ள தள்ளிடுவாங்க. உங்களுதுன்னும் சொல்லாம, இல்லேன்னும் சொல்லாம, மஞ்சக்குப்பம் போயி ஒரு சான்று வாங்கியாந்துடுங்க. அது வரைக்கும் நான் அப்பப்ப வந்து பாத்துக்கறேன்.”

அவர் அப்பப்ப வந்தார். அவர் சைக்கிள் வாசலில் நிற்பதைப் பண்ருட்டிக்காரர்கள் காதில் யாரோ போட்டுவிட்டார்கள். போலீஸ்காரர் வருவது நிற்கட்டும், அப்புறம் நிக்காவுக்குத் தேதி வைக்கலாம் என்று சொல்லியனுப்பினார்கள். மலிகா அடுப்படியில் போய் நின்றுகொண்டாள். ஆசியா உம்மாளுக்கு, வருத்தப்பட வேண்டிய விஷயம் இது என்று தெரிந்தது. தெரிந்ததே தவிர வருத்தம் வரவில்லை. சிதம்பரத்தில் லுங்கிக் கடை வைத்திருந்த தம்பி ரஃபியுதீனுக்கு ஆள் விட்டாள். ரஃபியுதீன், பியூனையும் சார் என்று கூப்பிடுகிற சுபாவம். அக்காவுக்காக உயிரையும் கொடுப்பான். ஆனால் உயிரைக் கொடுப்பதற்கு முன்னால் எந்த ஜன்னலில் கொடுப்பது என்று விசாரித்துக்கொள்வான்.

மஞ்சக்குப்பத்தில் அவர்கள் போக வேண்டியிருந்தது ஆயுதச் சுவாதீன அனுபோக நிர்ணய அலுவலகம். சீனாக்காரன் சண்டைக்குப் பிறகு புதிதாக வந்தது. ஒரு பொருள் யாருடையது என்று பார்ப்பவர்களும், அது யாரிடம் இருக்கிறது என்று பார்ப்பவர்களும் ஒரே கூரையின் கீழ் இருந்தால் தவறு நடக்கும் என்று மேலிடத்தில் ஆழமாக யோசித்து, சொந்தத்தைச் சிதம்பரத்திலும் அனுபோகத்தை மஞ்சக்குப்பத்திலுமாகப் பிரித்து வைத்திருந்தார்கள். இரண்டு ஊருக்கும் நடுவே கெடிலம், வெள்ளாறு, ரயில்வே கேட்டுகள்.

அனுபோகப் பிரிவு குமாஸ்தா தட்சிணாமூர்த்தி தலையை நிமிர்த்தாமலே கேட்டார்.

“துப்பாக்கி இப்ப எங்க இருக்கு?”

“இதோ,” என்றாள் ஆசியா உம்மாள். பாயில் சுருட்டி மடியில் வைத்திருந்தாள்.

“இதோன்னு ஃபைல்ல எழுத முடியாது. யார்கிட்ட இருக்கு?”

“என்கிட்டதான்.”

“அப்படீன்னு நீங்க சொல்றீங்க.”

“பாத்துக்குங்களேன்.”

தட்சிணாமூர்த்தி சட்டென்று முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டார். “நான் பாக்கக் கூடாதும்மா. பாத்தா சாட்சி ஆயிடுவேன். சாட்சியா இருக்கறவன் எப்படி முடிவு எழுதறது? நான் இந்த சீட்டுக்கு வந்த நாளா ஒரு துப்பாக்கிகூட கண்ணால பாத்ததில்ல. எங்க பிரிவுல யாருமே பாத்ததில்ல. அவ்வளவு நேர்மையா நடத்திக்கிட்டு வர்றோம்.”

ரஃபியுதீன் பாயின் ஓரத்தை இன்னும் நன்றாக இழுத்து மூடினான்.

“சரி, இத நீங்க அனுபவிக்கிறீங்களா?” என்றார் தட்சிணாமூர்த்தி, சுவரைப் பார்த்தபடி.

ஆசியா உம்மாள் யோசித்தாள். அவள் எதையுமே அனுபவித்த மாதிரி ஞாபகம் இல்லை. “இல்லீங்க,” என்றாள்.

“அனுபவிக்கலேன்னா அனுபோகம் எங்கேர்ந்தும்மா வரும்? மொதல்ல சிதம்பரம் போயி சொந்தம் வாங்கிட்டு வாங்க.”

“கொண்டுபோறதுக்கு பெர்மிட்டு, சார்?” என்று கேட்டான் ரஃபியுதீன்.

“பெர்மிட்டு சொந்தக்காரங்களுக்குத்தான்.”

“சொந்தக்காரங்க ஆகறதுக்குத்தானே சார் கொண்டுபோறோம்?”

“அதனாலதான் சீக்கிரம் போங்கன்னு சொல்றேன்,” என்றார் தட்சிணாமூர்த்தி அன்பாக. அப்புறம் அவரே வழியும் சொன்னார். போலீஸ் துணையோடு போனால் துப்பாக்கி பிரயாணத்தில் இருப்பதாகக் கணக்கு. பிரயாணத்தில் இருக்கும் பொருளுக்கு அனுபோகம் கிடையாது.

ஆகவே ஒரு காலைப் பாசஞ்சரில், வெள்ளைத் துப்பட்டி போர்த்திய ஆசியா உம்மாள் பாய்ச் சுருட்டோடு முன்னால் ஏற, ரஃபியுதீன் டிபன் தூக்கோடு நடுவில் ஏற, எதையும் தொட்டுவிடாத தூரத்தில் பொன்னுரங்கம் பின்னால் ஏறினார். பெட்டியே எழுந்து இடம் விட்டது. எதிரே கூடையோடு உட்கார்ந்திருந்த மீன்காரி ஒருத்தி, “இன்னா கேசும்மா?” என்று மெதுவாகக் கேட்டாள்.

“வூட்டுக்காரு மவுத்தாயிட்டாங்க.”

மீன்காரி பாய்க்குள்ளிருந்து எட்டிப் பார்த்த குழலைப் பார்த்தாள், ஏட்டைப் பார்த்தாள். அப்புறம் சிதம்பரம் வரை அவள் வாயைத் திறக்கவில்லை. ஆசியா உம்மாள் அந்தக் குழலில் தலையைச் சாய்த்துத் தூங்கிப்போனாள். பல மாதங்களுக்குப் பிறகு அவள் தூங்கிய நல்ல தூக்கம் அது.

சிதம்பரத்தில் சொந்தப் பிரிவு அதிகாரி சிங்காரம் நெற்றியில் சந்தனமும் முகத்தில் சாந்தமுமாக இருந்தார். பழைய கட்டைப் பிரித்தார். ஹபிபுல்லா இளவயதில் கீரப்பாளையத்தில் நெல் குத்தகைக்கு எடுத்திருந்த காலத்தில் வாங்கிய லைசென்ஸ் அது.

“இதுல அபிபுல்லான்னு இருக்கு,” என்றார் சிங்காரம். “நீங்க குடுத்திருக்கற மரணச் சான்றுல ஹபிபுல்லான்னு இருக்கு.”

“அவுங்கதான் இவுங்க,” என்றாள் ஆசியா உம்மாள்.

“அப்படி உணர்ச்சிவசப்படக் கூடாது. உங்க கணவர் ஹபிபுல்லா காலமானதுல இந்த ஆபீசுக்கு ஆட்சேபணை இல்ல. ஆனா துப்பாக்கி அவருது இல்ல, அபிபுல்லாவுது. அபிபுல்லா காலமானதுக்கு எங்ககிட்ட எந்த ஆதாரமும் கெடையாது. ஆதாரம் இல்லாம ஒருத்தர சாகடிக்க சட்டத்துல எடமில்ல. இந்த ஆபீசப் பொறுத்தவரைக்கும் அபிபுல்லா உசுரோடதான் இருக்கார்.”

ரஃபியுதீன் ஏதோ சொல்ல வாயெடுத்தான். அதற்குள் ஆசியா உம்மாள் கேட்டாள்.

“அவுங்க எப்ப வருவாங்க?”

கிண்டல் இல்லை. அவள் நிஜமாகவே கேட்டாள். சிங்காரமும் நிஜமாகவே பதில் சொன்னார்.

“சம்மன் அனுப்பறோம். வந்துதானே ஆகணும்.”

சம்மனைப் பொன்னுரங்கமே கொண்டுவந்தார். “அபிபுல்லா இருக்காராம்மா?” என்று வாசலில் நின்று கேட்டார். கேட்க வேண்டியது விதி. அவருக்கும் சங்கடமாகத்தான் இருந்தது. இல்லை என்றாள். இல்லாதவர் வீட்டில் கதவில் ஒட்ட வேண்டும் என்பதும் விதியாகையால் பசை வாங்கி ஒட்டிவிட்டுப் போனார். குறித்த தேதியில் அபிபுல்லா நேரில் ஆஜராகத் தவறினால் கைது செய்யப்படுவார் என்று எழுதியிருந்தது. மலிகா அதைக் கிழிக்கப் போனாள். “இருக்கட்டும்,” என்றாள் ஆசியா உம்மாள்.

அந்தத் தேதிக்குச் சிதம்பரம் போனார்கள். நீளமான தாழ்வாரம். பெஞ்சில் உட்கார்ந்து ஆசியா உம்மாள் வாசலையே பார்த்துக்கொண்டிருந்தாள். யாராவது உள்ளே நுழையும்போதெல்லாம் அவள் கண் அந்த ஆளின் மேல் போய் நின்று, பிறகு திரும்பியது. குடைக்காரர் ஒருவர் வந்தார். பத்திரம் எழுதுகிறவர் வந்தார். பால்காரர் வந்தார். சாப்பாட்டு நேரம் தாண்டியபின் டவாலிச் சேவகன் வெளியே வந்து தூணைப் பிடித்துக்கொண்டு கூவினான்.

“அபிபுல்லா! அபிபுல்லா! அபிபுல்லா!”

ஆசியா உம்மாள் எழுந்து நின்றாள்.

“நீங்களா அபிபுல்லா?”

“இல்லீங்க. அவுங்க பேரக் கூப்பிட்டீங்களேன்னு எந்திரிச்சேன்.”

டவாலி உள்ளே போய்ச் சொன்னான். உள்ளே வெகுநேரம் பேச்சு நடந்தது. ஒரு தடிப் புத்தகம் கொண்டுவரப்பட்டது. முடிவில் சிங்காரம் அவளை அழைத்து முதல் தடவையாக உட்காரச் சொன்னார். ஒருவர் பெயரை மூன்று முறை கூப்பிடும்போது எழுந்து நிற்பவர் அவர் சார்பில் ஆஜரானவர். சார்பில் ஆஜரானவர், எதிர்ப்பார் யாரும் இல்லாதபோது, பாத்தியதைக்கு உரியவர். அரசாங்க முத்திரையோடு அன்றே சொந்தம் கொடுத்துவிட்டார்.

“பாருங்க, எவ்வளவு சுலபமா முடிஞ்சுது,” என்றார் சிங்காரம். “ஜனங்களுக்கு எந்திரிச்சு நிக்கத் தெரியல. அதான் தாமதம்.”

“அப்ப அவுங்க?” என்றாள் ஆசியா உம்மாள்.

“யாரு?”

“அபிபுல்லா.”

“வரலியே. கட்டு மூடியாச்சு.”

அவள் தலையை ஆட்டினாள். திரும்பி வரும்போது ரயிலில் தூக்கம் வரவில்லை. வெள்ளாற்றுப் பாலத்தைத் தாண்டும்போது மட்டும் தம்பியிடம், “இன்னொரு தடவ மூடிட்டாங்க,” என்றாள். ரஃபியுதீன் டிபன் தூக்கின் மூடியைப் பற்றிச் சொல்வதாக நினைத்துக்கொண்டு அதை அழுத்திப் பார்த்தான்.

சொந்தம் கிடைத்த மறுவாரம் மஞ்சக்குப்பத்தில் அனுபோகப் பரீட்சை வைத்தார்கள். துப்பாக்கி வைத்திருப்பது அனுபோகம் ஆகாது, சுட்டால்தான் அனுபோகம் என்று தட்சிணாமூர்த்தி எழுதிய குறிப்பைப் பெரிய அதிகாரி சுப்புராயன் ஒப்புக்கொண்டிருந்தார். மைதானத்து ஓரமாகப் பந்தல் போட்டு நாற்காலிகள் போட்டிருந்தார்கள். கோலி சோடா வந்திருந்தது. கொஞ்ச தூரத்தில் குறி. லைசென்ஸில் நரி விரட்ட என்று இருந்தபடியால் நரியைத்தான் சுட வேண்டும். நரி வரையத் தெரிந்த ஆள் ஆபீசில் இல்லாததால், ஒரு பழைய பலகையில் கொட்டை எழுத்தில் ‘நரி’ என்று எழுதி நட்டிருந்தார்கள். தட்சிணாமூர்த்தி துப்பாக்கியைப் பார்க்காமலிருக்கப் பந்தலின் பின்பக்கம் திரும்பி உட்கார்ந்து, தோளுக்கு மேல் காதை மட்டும் கொடுத்துக்கொண்டிருந்தார்.

பரீட்சைக்கு முன்னால் சுப்புராயன் பேசினார். மைக் இல்லை, அவருக்கு அது தேவையும் இல்லை.

“தாய்மார்களே,” என்று ஆரம்பித்தார். இருந்தது ஒரு தாய்தான். “சீனாக்காரன் நம்ம எல்லையில நொழைஞ்சப்ப இந்த ஜில்லாவுல எத்தனை துப்பாக்கி இருக்குன்னு ஒருத்தருக்கும் தெரியாது. அது நமக்கு எவ்வளவு பெரிய அவமானம்! இன்னிக்கு அந்த நெலம இல்ல. நாளைக்கு அவன் மஞ்சக்குப்பத்துக்கே வந்து இந்த மைதானத்துல நின்னு கேட்டாலும், எங்ககிட்ட இருக்கற துப்பாக்கி எத்தனை, எது எது சொந்தத்துல நிலுவை, எது எது அனுபோகத்துல நிலுவைன்னு ஒரு மணி நேரத்துல அவன் கையில லிஸ்டு குடுத்துடுவோம். ஒரு துப்பாக்கியும் வெளிய போகாது. அத்தனையும் விசாரணையில இருக்கு. அதுதான் பாதுகாப்பு!”

பியூன்கள் கை தட்டினார்கள். ரஃபியுதீனும் தட்டினான்.

தோட்டாவுக்கு அத்தாரிட்டி உள்ள ஒரு ரிசர்வ் போலீஸ்காரர், துப்பாக்கியைத் தொட அத்தாரிட்டி இல்லாதவர், ஒரு தட்டில் தோட்டாவை வைத்து நீட்டினார். ஆசியா உம்மாள் தோட்டாவை எடுத்துக்கொண்டு, துப்பாக்கியை முழங்காலில் வைத்து மடித்தாள். ஹபிபுல்லா எத்தனையோ தடவை குதிருக்குப் பக்கத்தில் நின்று அப்படி மடிப்பதைப் பார்த்திருக்கிறாள். அடுப்பில் எது கொதித்துக்கொண்டிருந்தாலும் அந்த ‘க்ளக்’ கேட்கும். தோட்டாவைப் போட்டாள். மூடினாள். கை தானாகச் செய்தது.

“நரி அங்க இருக்கு, அக்கா,” என்றான் ரஃபியுதீன்.

அவள் அந்த எழுத்துகளைப் பார்த்தாள். தோளில் கட்டையை வைத்தாள். விசையை இழுத்தாள்.

வெடித்த வெடியில் மைதானத்து மரத்துக் காக்கைகள் மொத்தமாகக் கிளம்பின. சுப்புராயனின் நாற்காலி பின்பக்கம் சாய்ந்து இரண்டு பியூன்கள் கையில் விழுந்தது. கட்டை இடித்த வேகத்தில் ஆசியா உம்மாள் புல்லில் உட்கார்ந்துவிட்டாள். பலகையில் ‘ந’ போய், ‘ரி’ மட்டும் நின்றது. அவள் காதுக்குள் ஒரே ரீங்காரம். அதைத் தவிர உலகத்தில் சத்தம் என்று ஒன்றும் இல்லை.

தோள் வலித்தது. நன்றாக வலித்தது. ஆசியா உம்மாள் ஆச்சரியத்தோடு தோளைத் தடவிப் பார்த்தாள்.

நிமிர்ந்தால் எதிரே சுப்புராயன். நாற்காலியிலிருந்து தூக்கி நிறுத்தப்பட்டு, சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு, மறுபடியும் பேச ஆரம்பித்திருந்தார். கை உயர்ந்தது. விரல் நீண்டது. கழுத்து நரம்பு புடைத்தது. வாய் திறந்தது, மூடியது, திறந்தது. சத்தமே இல்லை. கரையில் எடுத்துப் போட்ட கெண்டை மாதிரி அந்த வாய் திறந்து திறந்து மூடியது. அவருக்குப் பக்கத்தில் இன்னொரு அதிகாரியின் வாய். அதற்குப் பின்னால் பியூனின் வாய். பந்தலுக்குப் பின்னாலிருந்து எட்டிப் பார்த்து, துப்பாக்கியைக் கண்டுவிட்டு, இரண்டு கையாலும் கண்ணைப் பொத்திக்கொண்ட தட்சிணாமூர்த்தியின் வாய்.

ஆசியா உம்மாளுக்குச் சிரிப்பு வந்தது. துப்பட்டியால் வாயை மூடினாள். நிற்கவில்லை. வயிற்றைப் பிடித்துக்கொண்டு, புல்லில் ஒரு பக்கமாகச் சாய்ந்து, துப்பாக்கியின் மேல் நெற்றியை வைத்துக்கொண்டு சிரித்தாள். ரஃபியுதீன் அவளை உலுக்கினான். அவன் வாயும் திறந்து மூடியதைப் பார்த்து இன்னும் சிரித்தாள்.

அதிகாரிகள் பந்தலுக்குள் கூடினார்கள். வெகுநேரம் விவாதித்து, முடிவை ரஃபியுதீனிடம் வாசித்துக் காட்டினார்கள். துப்பாக்கி, மனுதாரரின் சுவாதீனத்தில் இருப்பது சந்தேகமற நிரூபிக்கப்பட்டது. ஆனால் அரசு அதிகாரி உரையாற்றும்போது மனுதாரர் சிரித்தபடியால், அவருடைய சித்தம் அவருடைய சுவாதீனத்தில் இல்லை என்பதும் சந்தேகமற நிரூபிக்கப்பட்டது. சித்த சுவாதீனம் இல்லாதவர் சுவாதீனத்தில் ஆயுதம் இருக்கலாகாது. உடனே பறிமுதல்.

பறிமுதல் என்ற வார்த்தை காதில் விழுந்ததும் பொன்னுரங்கம் விறைப்பாக முன்னால் வந்தார். ஒப்படைத்தால் வாங்கத்தான் அவருக்கு அத்தாரிட்டி இல்லை. பறிப்பதற்குத் தாராளமாக இருந்தது. அவள் மடியிலிருந்து துப்பாக்கியை எடுத்துக்கொண்டு சல்யூட் அடித்தார். அவர் முகத்திலும் பெரிய நிம்மதி.

சாயங்கால பஸ்ஸில் நெல்லிக்குப்பம் திரும்பினார்கள். ரஃபியுதீன் அக்காவின் பக்கத்தில் உட்கார்ந்து, அவளுக்குக் கேட்காது என்று தெரிந்தும், தனக்குத்தானே கணக்குப் போடுகிற மாதிரி பேசிக்கொண்டு வந்தான்.

“பைத்தியம்னு எழுதினது ஃபைலோட கெடக்கும். அத யாரு படிக்கப் போறாங்க? ஏட்டு இனிமே வூட்டுப் பக்கம் வரமாட்டாரு. பண்ருட்டிக்காரங்க தேதி வெச்சிடுவாங்க. துப்பாக்கி வூட்டுல இருக்கறதுக்கு, பைத்தியம் ஃபைல்ல இருக்கறது எவ்வளவோ தேவல…”

சொல்லிக்கொண்டே திரும்பியவன் பேச்சை நிறுத்தினான். ஆசியா உம்மாள் ஜன்னல் கம்பியைப் பிடித்திருந்தாள். வெளியே, ஆலைக்குப் போகும் கரும்பு வண்டிகள் வரிசையாக நின்றன. வண்டிக்காரர்கள் வண்டிக்கடியில் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தார்கள். அவள் முகம் கோணி, மார்பு ஏறி இறங்கிக்கொண்டிருந்தது. துப்பட்டியின் முன்பக்கம் நனைந்திருந்தது. கண்டக்டர் டிக்கெட் கிழிப்பதை நிறுத்திவிட்டு நின்றார்.

அவள் தம்பியின் கையைப் பிடித்தாள்.

“தம்பி, நான் அழறேனா?”

ரஃபியுதீன் தலையை ஆட்டினான்.

“சத்தமாவா?”

பஸ்ஸில் இருந்த அத்தனை பேரும் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவன் இரண்டு கையையும் அகலமாக விரித்துக் காட்டினான்.

“சரி,” என்று சொல்லிவிட்டு, ஆசியா உம்மாள் மேற்கொண்டு அழுதாள்.